மியூட்டில் ஒரு குடும்பத் தலைவர்

மயிலாப்பூர் தெற்கு மாட வீதியை ஒட்டிய சந்தில் எங்கள் வீடு. 2020 ஜூனில் அதற்குள் ஒரு பள்ளிக்கூடம் புகுந்தது. சமையலறையில் மனைவி எட்டாம் வகுப்புக்குக் கணக்கு எடுத்தாள். ஹாலில் ஏழாவது படிக்கும் பையன் பாடம் கேட்டான். குடும்பத் தலைவரான எனக்கு ஒதுக்கப்பட்டது துணி காயப்போடும் பால்கனி.

கரும்பலகைக்குப் பதில் என்ன செய்வது? நல்ல ஸ்டாண்டாகப் பார்த்து வாங்க நான் மூன்று நாள் ஆராய்ச்சியில் இருந்தேன். அவள் சட்டை மாட்டும் ஹேங்கரில் போனை ரப்பர் பேண்டால் கட்டி, அலமாரிக் கைப்பிடியில் தொங்கவிட்டு, கீழே சிலேட்டை வைத்துவிட்டாள். ஒரே குறை, ஃபேன் போட்டால் அல்ஜீப்ரா ஆடும். அதனால் ஃபேன் கிடையாது. புடவைத் தலைப்பால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே கருப்புக் கட்டங்களைப் பார்த்து "புரிஞ்சுதா?" என்பாள். பதில் வராது. "முகத்தைப் பார்த்தாத்தானே எவன் முழிக்கிறான்னு தெரியும்" என்று அலுத்துக்கொள்வாள். ராத்திரி பத்து மணிக்கு வாட்ஸ்அப்பில் பெற்றோர்கள் மட்டும் தவறாமல் முழித்துக்கொண்டிருப்பார்கள்.

எட்டாவது வரை ஒரு நாளைக்கு இரண்டு வகுப்பு, ஒவ்வொன்றும் 30 முதல் 45 நிமிடம், அதற்கு மேல் வேண்டாம் என்றது மத்திய அரசு 2020 ஜூலையில் வெளியிட்ட 'பிரக்யதா' வழிகாட்டி. பையனுக்கு ஐந்து வகுப்பு. கண்ணைக் கசக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தவனுக்கு உதவலாம் என்று பின்னால் நின்று ஒரு விடையைக் கிசுகிசுத்தேன். மைக் திறந்திருந்தது; விடையும் தப்பு. "அப்பா, நீங்க கொஞ்சம் வெளியில இருங்க" என்றார் டீச்சர். போனேன், பால்கனிக்கு.

2021 பிப்ரவரியில் ஸ்டான்ஃபோர்டு பேராசிரியர் ஜெரமி பெய்லன்சன், வீடியோ சந்திப்புகள் ஏன் களைப்பூட்டுகின்றன என்று நான்கு காரணம் எழுதியிருந்தார். அதிலொன்று, நாள் முழுக்க நம் முகத்தையே நாம் பார்த்துக்கொண்டிருப்பது. மனைவிக்கு வாசித்துக் காட்டினேன். "என் முகத்தைப் பார்க்க எனக்கு எங்க நேரம்? குக்கர் எத்தனை விசில் வந்தது, அதைச் சொல்லுங்க" என்றாள். எண்ணவில்லை.

அந்த வாரம் பையனின் கட்டத்தில் அடிக்கடி 'ரீகனெக்டிங்' என்று வந்தது. சும்மா விடுவேனா? இரண்டு நாள் ரவுட்டரைக் கழற்றி மாட்டி, கஸ்டமர் கேரில் ஒரு அப்பாவிப் பெண்ணிடம் சத்தம் போட்டேன். மனைவி எட்டிப் பார்த்தாள். "நெட்டுக்கு ஒண்ணும் இல்ல. தன் பேரையே அப்படி மாத்தி வச்சிருக்கான். என் கிளாஸ்லயும் ஆறு பேர் ரீகனெக்டிங்."

அவனைத் திட்டவில்லை. மாலை நான்கு மணிக்கு எனக்கு ஆபீஸ் மீட்டிங். பேரை எங்கே போய் மாற்றுவது என்று அவனிடம்தான் கேட்டுக்கொண்டேன்.