மணிக்கட்டும் எண்ணெயும்: வெறும் வாணலியில் வேர்க்கடலை வறுத்தல் பற்றி ஓர் ஆய்வு

சமையல் குறிப்பு எழுதுகிறவர்கள் வேர்க்கடலை வறுப்பதற்கு ஒதுக்குவது ஒரே வரிதான்: வெறும் வாணலியில் சிவக்க வறுத்துத் தோல் நீக்கி வைத்துக்கொள்ளவும். அடுத்த வரியில் தேங்காய் துருவத் தொடங்கிவிடுவார்கள். கடுகு எப்போது வெடிக்க வேண்டும், கறிவேப்பிலை எத்தனை ஆர்க்கு என்பதற்கெல்லாம் இடம் இருக்கிறது. அவற்றைவிட அதிக நேரம் பிடிக்கிற, அவற்றைவிட எளிதில் கெட்டுப்போகிற வறுவலுக்கு இடம் இல்லை. அறிவுலகின் இந்த மெத்தனத்தை இனியும் பொறுப்பதற்கில்லை. இக்கட்டுரை நிறுவ வருவது ஒன்றே ஒன்று. எண்ணெய் இல்லாமல் வறுப்பதாக நாம் சொல்லும்போதெல்லாம், எண்ணெய் பார்க்க வேண்டிய வேலையை வேறு யாரோ ஒருவர் தலையில் கட்டியிருக்கிறோம். வீட்டு அடுப்படியில் அந்த ஒருவர், கரண்டி பிடித்தவரின் மணிக்கட்டு.

முதலில் ஆய்வின் எல்லை. இங்கே பேசப்படுவது ஓடு உடைத்த, செந்தோல் போகாத வேர்க்கடலைப் பருப்பு. பொட்டுக்கடலை வேறு குலம்; முந்திரி வேறு வர்க்கம் (செடியைத்தான் சொல்கிறோம், விலையை அல்ல). தாவரவியலாரைக் கேட்டால் வேர்க்கடலையே கொட்டை இல்லை, அவரைக் குடும்பத்துப் பயறு என்பார்கள்; கேட்காமல் இருப்பது நல்லது. சங்க நூல்களில் கடலை வறுத்த செய்தி இல்லையே என்று வருந்துவோர், செடி அப்போது தென் அமெரிக்காவில் இருந்ததைக் கணக்கில் கொள்ள வேண்டும். ஐரோப்பியர் கப்பல் விடத் தொடங்கிய பிறகுதான் அது கடல் தாண்டியது. விழுப்புரம், கடலூர், திருவண்ணாமலைப் பக்கங்களில் மணிலாக்கொட்டை என்றும் மல்லாட்டை என்றும் பெயர் பெற்று, உள்ளூர்க்காரனாகவே ஆகிவிட்டது. அதன் விதையை ஆராயத் திண்டிவனத்தில் நிலையம் இருக்கிறது, அங்கிருந்து டி.எம்.வி. என்ற முதலெழுத்தோடு ரகங்கள் வந்திருக்கின்றன. கோவில்பட்டிக் கடலை மிட்டாய்க்கு 2020-இல் புவிசார் குறியீடும் கிடைத்துவிட்டது. விதைக்கும் மிட்டாய்க்கும் அரசாங்க முத்திரை விழுந்திருக்க, இரண்டுக்கும் நடுவில் நிற்கும் வறுவல்தான் கேட்பாரற்றுக் கிடக்கிறது.

இனி வடிவியல். பருப்பு உருண்டு நீண்டது. வாணலி குழிந்த இரும்பு. இரண்டும் தொட்டுக்கொள்ளும் இடம் ஒரு புள்ளி அளவுதான். அந்தப் புள்ளி கருகத் தொடங்கும் நேரத்திலும் பருப்பின் முதுகு காற்றில் கிடக்கிறது. காற்று வெப்பத்தைக் கடத்துவதில் பரம சோம்பேறி. எண்ணெய் அதைவிடப் பல மடங்கு சுறுசுறுப்பு. போதிய எண்ணெய் ஊற்றினால் அது பருப்பைச் சூழ்ந்துகொண்டு, ஒரு புள்ளியில் நடந்த கொடுக்கல் வாங்கலை மேனி முழுக்க நடத்தி வைக்கிறது. எண்ணெயை விலக்கிவிட்டால், அந்த ஒரு புள்ளியை ஓராயிரம் புள்ளியாக்க இருக்கும் ஒரே வழி பருப்பை ஓயாமல் புரட்டுவது. பேருந்தில் ஜன்னலோர இடம் கிடைத்தவர் மாதிரி, அடியில் உட்கார்ந்துவிட்ட பருப்பு தானாக எழுந்து இன்னொன்றுக்கு இடம் விடாது. கரண்டி போய்க் கிளப்ப வேண்டும். இதற்குச் சான்று வறுத்த பருப்பிலேயே எழுதியிருக்கிறது. சுற்றிலும் ஒரே நிறம் என்றால் கரண்டி நிற்கவில்லை. ஒரு கன்னத்தில் மட்டும் கரும்பொட்டு இருந்தால் நடுவில் கைபேசி அடித்திருக்கிறது. பொட்டின் அகலத்தை வைத்து, பேசியது மாமியாரா வங்கிக் கடன் விற்பவரா என்றுகூடச் சொல்லலாம்; ஆனால் அது இவ்வாய்வின் எல்லைக்கு வெளியே போகிறது.

வெறுமனே புரட்டுவதற்கு என்ன மேதைமை வேண்டும் என்று கேட்பவர்கள் வறுவலின் காலக்கணக்கை அறியாதவர்கள். காய்ந்த பருப்பிலும் நூற்றுக்கு ஆறேழு பங்கு ஈரம் இருக்கிறது. வறுத்து முடிக்கும்போது அது ஒன்றிரண்டுக்கு இறங்கியாக வேண்டும். கொடுக்கிற சூட்டை எல்லாம் முதலில் இந்த ஈரமே ஆவியாகி வாங்கிக்கொண்டு போய்விடுவதால், வெகு நேரத்துக்கு ஒன்றும் நடக்காத மாதிரி தெரியும். சபலசித்தர்கள் தீயைக் கூட்டுவது இந்தக் கட்டத்தில்தான். பிறகு செந்தோலுக்கு அடியில் சிக்கிய ஆவி தோலைக் கிழித்துக்கொண்டு வெளியேற, வாணலியில் படக் படக்கென்று சத்தம் கேட்கும். ஈரம் ஒழிந்த பருப்பின் சூடு 140 டிகிரி செல்சியஸை ஒட்டி ஏறியதும், பிரெஞ்சு வேதியியலர் லூயி கமீய் மயார் 1912-இல் விவரித்த வினை வேகம் பிடிக்கிறது. புரதத்தின் அமினோ அமிலமும் சர்க்கரையும் கூடி நிறத்தையும், தெருமுனை வரை போகும் அந்த வாசனையையும் உண்டாக்குகின்றன. எண்ணெய் விட்டால்தான் மணக்கும் என்ற வாதத்துக்கு இதுவே பதில்: அந்த வினை நடக்க வெளியிலிருந்து ஒரு சொட்டு எண்ணெயும் வேண்டியதில்லை. ஆனால் அது தொடங்கிய பிறகு வெண்மை பொன்னாகவும் பொன் கரியாகவும் ஆக நேரமே பிடிக்காது. மணிக்கட்டு ஏற்கெனவே அலுத்துப்போயிருக்கும் அந்த நேரத்தில்தான் அதன் சேவை உச்சத்தில் தேவைப்படுகிறது.

பதம் பார்ப்பதிலும் ஒரு பொறி இருக்கிறது. சூடான பருப்பைக் கடித்தால் நமுத்த மாதிரிதான் இருக்கும். ஆறினால்தான் மொறுமொறுப்பு வரும். இதை அறியாதவர், இன்னும் வேகவில்லை என்று மேலும் வறுத்துக் கரியாக்குவார். பல்லை நம்பாமல் விரலை நம்ப வேண்டும். ஒரு பருப்பைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே தேய்த்ததும் தோல் சருகாகக் கழன்று, உள்ளே வெளிர் பொன்னிறம் தெரிந்தால் அடுப்பை அணைத்துவிடலாம். அணைத்த கையோடு முறத்திலோ தாம்பாளத்திலோ கொட்டிப் பரப்புவதும் கட்டாயம். அடுப்பு அணைந்த செய்தி கனத்த இரும்பு வாணலிக்கு எட்டச் சற்று நேரமாகும். அதுவரை அது பாட்டுக்கு வறுத்துக்கொண்டிருக்கும்.

இப்போது மறுப்புகள். பருப்பிலேயே பாதி எண்ணெய்தானே, அது வெளியே வந்து தன்னைத் தானே வறுத்துக்கொள்ளாதா என்பது முதல் மறுப்பு. கேட்க நியாயமாக இருந்தாலும் நிற்காது. அந்த எண்ணெய் நுண்ணிய துளிகளாகப் பருப்பின் செல்களுக்குள் அடைபட்டிருக்கிறது. அதை வெளியே வரவழைக்கச் செக்கு வேண்டும், சிறுதீ போதாது. நன்றாக வறுபட்ட பருப்பின் மேல் ஒரு மினுமினுப்பு தெரிவது உண்மைதான். ஆனால் அது வேலை முடிந்த பிறகு வந்து கையெழுத்துப் போடுகிற மேற்பார்வையாளர். அதற்குச் சம்பளம் எழுத முடியாது.

இரண்டாவது தரப்பு உடல்நலத்தார். எண்ணெய் சேர்க்காததே இம்முறையின் மகிமை, மணிக்கட்டு எல்லாம் அப்புறம் என்பது அவர்கள் கட்சி. எண்களைப் பார்ப்போம். அமெரிக்க வேளாண்மைத் துறையின் சத்து அட்டவணைப்படி 100 கிராம் பச்சைப் பருப்பில் ஏறக்குறைய 49 கிராம் கொழுப்பு. வெறுமனே வறுத்ததில் 50 கிராம். எண்ணெயில் வறுத்ததில் 52, 53 கிராம். இத்தனை பாடுபட்டு விலக்கியது இரண்டு மூன்று கிராம். விலக்காமல் உள்ளேயே இருப்பது அதைப்போல இருபது மடங்கு. ‘எண்ணெயே சேர்க்கலை, தாராளமா சாப்பிடலாம்’ என்று சொல்லிக்கொண்டு இன்னொரு கைப்பிடி அள்ளும் கணத்திலேயே அந்த மிச்சம் செலவாகிவிடுகிறது. வெறும் வாணலிக்கு வேறு உண்மையான நியாயங்கள் உண்டு. பருப்பு பிசுபிசுக்காது, தோல் ஊதினால் பறக்கும், பொடி திரித்தால் கட்டி தட்டாது. இடுப்பளவு குறையும் என்பது அந்தப் பட்டியலில் இல்லை.

மூன்றாவது மறுப்புதான் கனமானது: மணல். தள்ளுவண்டிக் கடலைக்காரர் எண்ணெய் விடுவதில்லை. இரும்புச் சட்டியில் கருத்த மணல் கொதித்துக் கிடக்கும். கடலையை அதற்குள் கொட்டிக் கிளறி, சல்லடைக் கரண்டியால் அரித்தெடுப்பார். மணல் கடலையை எல்லாப் பக்கமும் சூழ்கிறது. உருகாது, ஆவியாகாது, தீய்ந்து நாறாது. எண்ணெயின் வேலையை மணலே பார்க்கும்போது மணிக்கட்டுக்கு இங்கே என்ன இடம்? கடலைக்காரரின் கையைப் பார்த்தவர் இந்தக் கேள்வியைக் கேட்க மாட்டார். எண்ணெய் திரவம், அடியில் சூடான பகுதி மேலே எழும்ப, மேலே இருப்பது கீழே இறங்கித் தன்னைத் தானே கலக்கிக்கொள்ளும். மணலுக்கு அந்தப் பழக்கம் கிடையாது. கிளறாவிட்டால் அடி மணல் கனலும், மேல் மணல் சும்மா கிடக்கும். ஆக மணல், மணிக்கட்டின் பாரத்தைப் பங்கு போட்டுக்கொள்கிறதே தவிர அதை வேலையிலிருந்து நிறுத்துவதில்லை. சட்டி விளிம்பில் கரண்டி தட்டும் அந்தச் சத்தத்தை விளம்பரம் என்று மட்டும் நினைப்பது பாதி உண்மை. கரண்டியில் ஒட்டிய மணலும் அதோடு உதிர்கிறது.

அடுக்குமாடி வீட்டில் மணலுக்கு எங்கே போவது என்பவர்களுக்கு உப்பு இருக்கிறது. சாதாரண உப்பு உருக 801 டிகிரி வேண்டும். வீட்டு அடுப்பில் வாணலி அந்தப் பக்கமே போகாது. ஒரு முறை வறுத்த உப்பு பழுப்பேறினாலும் எடுத்து வைத்து மறுபடி பயன்படுத்தலாம். இதில் ஒரு விசித்திரம்: உப்புக்குள் முங்கி எழுந்த கடலையில் உப்புக் கரிப்பு அநேகமாக இருக்காது. காய்ந்த உப்பு காய்ந்த தோலில் ஒட்டாது. உப்பு வேண்டுமென்றால் வெறும் வாணலி வழிக்கே திரும்பி, பருப்பு முக்கால் பதம் வந்ததும் கெட்டியான உப்புத் தண்ணீரை ஒரு கை தெளிக்க வேண்டும். சுர்ரென்று ஆவி எழும். தண்ணீர் போய் உப்பு மட்டும் வெண்படலமாகத் தோலில் தங்கும். அதன் பிறகு வந்த ஈரம் போக மேலும் சில நிமிடம் புரட்டுவது யார் பொறுப்பு என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. மிளகாய்த்தூள் ஒட்ட ஒரு சொட்டு எண்ணெய் விடலாமா என்று கேட்கிறார்கள். விடலாம். அது அலங்காரம், வறுவல் அல்ல.

கடைசியாக இயந்திரங்கள். மைக்ரோவேவ் அடுப்பு பருப்பின் ஈரத்தையே சூடாக்கி உள்ளிருந்து வறுப்பதால் புரட்டும் வேலை ஒழிந்தது என்பார்கள். அந்த அடுப்புக்குள் சூடு எல்லா இடத்திலும் ஒரே மாதிரி விழாது. ஒரு நிமிடத்துக்கு ஒரு முறை வெளியே எடுத்துக் கலக்கி வைக்காவிட்டால், பார்க்க வெள்ளையாகவும் உள்ளே கரியாகவும் பருப்பு வரும். ஏர் ஃபிரையர் இன்னும் கெட்டிக்காரத்தனமான எதிரி. எண்ணெயும் இல்லை, கரண்டியும் இல்லை. விசிறி சூடான காற்றைச் சுழற்றிச் சுழற்றி அடிக்கிறது. காற்றின் சோம்பலை வேகத்தால் ஈடுகட்டுகிற இந்த விசிறி, மின்சாரக் கட்டணம் கட்டி வாங்கிய மணிக்கட்டு அன்றி வேறென்ன? அப்படியும் பாதி நேரத்தில் கூடையை வெளியே இழுத்து ஒரு குலுக்கு குலுக்கச் சொல்கிறார்கள்.

வேலை மணிக்கட்டினுடையது என்று ஏற்றுக்கொண்டால் கூலி என்ன என்ற கேள்வி எழுகிறது. பதம் பார்க்கும் சாக்கில் கரண்டிக்காரர் வாயில் போட்டுக்கொள்ளும் கடலையை இதுவரை திருட்டு என்றே குடும்பங்கள் கருதிவந்திருக்கின்றன. மேற்கண்ட சான்றுகளின்படி அது ஊதியம். எண்ணெய் ஊற்றியிருந்தால் அதுவும் தன் பங்கை எடுத்துக்கொண்டு, அதாவது தானே பருப்பில் ஏறிக்கொண்டுதான் போயிருக்கும். வாசனை பிடித்துக் கடைசி நிமிடத்தில் உள்ளங்கையை நீட்டிக்கொண்டு அடுப்படிக்குள் வருகிறவருக்கு இந்தக் கோட்பாட்டில் எந்த உரிமையும் இல்லை. உப்புத் தண்ணீர் கரைத்துக் கொடுத்தவருக்கு ஒரு கைப்பிடி. முறத்தில் புடைத்துத் தோலை ஊதித் தள்ளி, அதையெல்லாம் கூட்டி அள்ளுகிறவர் யாரோ, அவருக்கு எவ்வளவு என்பதில் கருத்து வேறுபாடு இருக்கிறது. கரண்டி பிடித்தவரும் அவரும் ஒரே ஆளாக இருக்கும் வீடுகளே அதிகம் என்பதால் வழக்கு இன்னும் விசாரணைக்கு வரவில்லை.