தட்டாமல் போங்கள்

நேற்றுச் சமையல் காஸ் கொண்டுவந்தவர் சிலிண்டரை இறக்கினார், பணம் வாங்கினார், போகிற போக்கில் என் மேற்குச் சுவரை இரண்டு தட்டுத் தட்டினார். "உள்ள ஒண்ணும் இல்லியே சார்" என்றார். கேலியாகச் சொல்லியிருந்தால்கூடப் பொறுத்திருப்பேன். அனுதாபத்தோடு சொன்னார்.

ஒரகடம் பக்கம் கோடையில் மேற்குச் சுவர் அறையில் படுத்தவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. சூரியன் ஆறரைக்குப் போய்விடும். செங்கல் பகலெல்லாம் குடித்த சூட்டை நள்ளிரவு வரை அறைக்குள் விட்டுக்கொண்டிருக்கும். அதற்காகத்தான் சுவரின் வெளிப்பக்கம் இரண்டு அங்குலத் தெர்மோகோல் பலகை ஒட்டி, மேலே பூசினேன். தெர்மோகோலில் நூற்றுக்கு 98 பங்கு காற்று. அடைபட்ட காற்று சூட்டை லேசில் கடத்தாது. இந்த இரண்டு அங்குலத்தின் வேலையைச் செங்கல் செய்ய வேண்டுமானால் சுவர் மூன்றடிக் கனம் வேண்டும். என் மனையில் மூன்றடிச் சுவர் வைத்தால் நான் தெருவில்தான் படுக்க வேண்டும். ஜெர்மனிக்காரர்கள் 1950-களின் கடைசியிலிருந்தே குளிருக்கு இப்படிப் பூசுகிறார்கள். 2012-இல் டெய்ம்லர் லாரித் தொழிற்சாலையே ஒரகடத்துக்கு வந்துவிட்டது. ஒரு சுவர் வரக்கூடாதா?

இதன்மேல் பூசுவது எப்படி என்று நாலு பேருக்கு உதவட்டுமே என்று எழுத உட்கார்ந்தேன். அதற்கு முன் இந்தத் தட்டுகிற விவகாரத்தை முடித்துவிடுகிறேன்.

நாம் தட்டிப் பார்த்தே வளர்ந்தவர்கள். தேங்காயைச் சுண்டி, காதில் வைத்து, முகத்தைச் சுளித்து, கீழே வைத்து, வேறு நாலைத் தட்டி, கடைசியில் முதலில் எடுத்ததையே வாங்குவோம். பங்குனியில் வாலாஜாபாத் சாலையோரம் தர்ப்பூசணி குவிந்திருந்தால் வண்டியை நிறுத்தி இறங்கித் தட்டுவோம். எந்தச் சத்தம் நல்ல சத்தம் என்று மாமனாரைக் கேட்டேன். "தட்டினா தெரியும் மாப்ளே" என்றார். தட்டினார். வெட்டினோம். வெள்ளை. பானையைத் தட்டுவோம், பலாவைத் தட்டுவோம், ரிமோட்டைத் தட்டுவோம். 1998-இல் இருங்காட்டுக்கோட்டையிலிருந்து சான்ட்ரோ வந்தபோது பானட்டைத் தட்டிவிட்டு எல்லாம் புரிந்த மாதிரித் தலையாட்டினோம். என்ன புரிந்தது என்று இன்றுவரை யாரும் சொல்லவில்லை.

சுவரைத் தட்டுவதிலும் தினுசுகள் உண்டு. ஓய்வுபெற்ற தாசில்தார் ஒற்றை விரலால் தட்டி, கருத்து எதுவும் சொல்லாமல் போவார். அது இன்னும் மோசம். கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்குகிற பையன்கள் அடையாள அட்டை விளிம்பால் தட்டுவார்கள். இங்கே பாதிப் பேர் குவாலிட்டியில் இருக்கிறார்கள். என் சுவர் அவர்களுக்கு ஓவர்டைம். சின்ன மாமா மோதிரத்தால் தட்டுவார். பூச்சில் பொட்டுப் பொட்டாக விழுந்திருப்பது அவருடைய வருகைப் பதிவேடு. கண்ணாடித் தொழிற்சாலையில் வேலை பார்க்கும் எதிர்வீட்டுக்காரர் ஒருவர்தான் இதுவரை தட்டவில்லை. தொழில் பழக்கம்.

சாதாரணச் சுவரில் பொள்ளென்று சத்தம் வந்தால் பூச்சு செங்கல்லை விட்டுவிட்டது என்று அர்த்தம். அந்தச் சோதனையில் தப்பில்லை. இங்கே பூச்சுக்குப் பின்னால் இருப்பதே காற்று! சத்தம் வராவிட்டால்தான் நான் கவலைப்பட வேண்டும். இதைச் சொன்னால் பதிலுக்கு இன்னொரு தட்டு. அப்புறம் வைகை. 2017 ஏப்ரலில் வைகை அணைத் தண்ணீர் ஆவியாகாமலிருக்க மிதக்கவிட்ட தெர்மோகோல், காற்றடித்துக் கரை ஒதுங்கியதே, அதிலிருந்து "காத்துல பறந்துடாதா சார்?" என்று கேட்காத ஆளில்லை. ஒவ்வொருவரும் தானே முதலில் கண்டுபிடித்த ஜோக் என்று நினைத்து, நான் சிரிக்கும்வரை நின்று காத்திருக்கிறார்கள். நான் சிரிப்பதில்லை.

சரி, பூச்சு. கொத்தனார் பலகையைப் பார்த்ததுமே, "கல்யாண மண்டபத்துல பேரு வெட்டி ஒட்டற ஐட்டம் சார் இது. இதும்மேல கலவை எப்படி நிக்கும்?" என்றார். நியாயமான கேள்வி. வழவழப்புப் போக உப்புத்தாள் தேய்க்க வேண்டும்; தலை அகன்ற பிளாஸ்டிக் ஆணி அடிக்க வேண்டும். கண்ணாடி இழை வலையைக் கொடுத்தேன். "கொசுவலையா சார்?" என்றார். கலவை ஐந்து மில்லிமீட்டரைத் தாண்டக் கூடாது என்றேன். முக்கால் அங்குலத்துக்குக் குறைந்து கரண்டி பிடித்தறியாத மனிதர். "அஞ்சு மில்லியா? அது பூச்சு இல்ல சார், பவுடரு."

இதில் உயிர்நாடி அந்த வலைதான். அது பலகையோடு ஒட்டியும் கிடக்கக் கூடாது, வெளியே பல்லிளிக்கவும் கூடாது. முதலில் கலவையை இழுத்துவிட்டு, ஈரம் காய்வதற்குள் வலையை...

போன். சின்ன மாமா. மோதிரத்தால் தட்டியதில் அவருக்கு முழுத் திருப்தி இல்லையாம். ஞாயிற்றுக்கிழமை வரும்போது டிரில்லிங் மெஷின் கொண்டுவருகிறாராம். ஒரே ஒரு ஓட்டைதானாம், மாப்ளே.