குழாய் ஸ்பீக்கரும் ஐன்ஸ்டீனும்

ஒலியால் காலத்தை வளைக்கும் விஞ்ஞானம் ஒன்று கதைகளில் உலவுகிறது. சவ்வாது மலையில் இது பழைய சங்கதி. திருவிழாவுக்குக் குழாய் ஸ்பீக்கர் கட்டினால், இரவு பத்து மணி விடியும்வரை பத்து மணியாகவே நிற்கும்.

அதே மலையில், காவலூர் வைணு பாப்பு வானாய்வகத்தில் 1986 முதல் 2.34 மீட்டர் தொலைநோக்கி விண்மீன்களின் பழைய ஒளியைப் பிடித்துக்கொண்டிருக்கிறது. அந்த ஒளி வரும் வழியில் ஒலிக்கு அனுமதியில்லை. வெற்றிடத்தில் ஒலிக்குக் கால் கிடையாது. காற்றிலும் நொடிக்குச் சுமார் 340 மீட்டர்தான்.

நேரத்தை நிஜமாகவே வளைப்பது ஈர்ப்பு. ஐன்ஸ்டீன் கணக்குப்படி மலைமேல் கடிகாரம் அடிவாரத்தைவிடத் துளியிலும் துளி வேகமாக ஓடும். ஆலங்காயத்தில் மலை பஸ்ஸுக்குக் காத்திருக்கும் பெரியவரிடம் சொல்லிப் பாருங்கள்: “இருக்கட்டும் சார், பஸ்ஸு யார் கணக்குல ஓடுது?”