குடியானவன் பேருக்கு ராசா வேஷம்

ஏலே பேராண்டி, ஒன் வாட்ஸ்அப் சேதி வந்துச்சு. பிள்ளைக்கு மிருகசீரிஷம், 'கா'வுல பேரு வைக்கணும்னு ஜோசியர் சொன்னாராம். நீ கார்ல்ஸ்ரூவுல உக்காந்து செல்லைத் தேய்ச்சுத் தேய்ச்சு 'கார்ல்'னு பிடிச்சிருக்க. "ராஜாக்கள் பேரு தாத்தா, ஐரோப்பாவையே இந்தப் பேருக்காரங்கதான் ஆண்டிருக்காங்க"ன்னு பெருமை வேற. இருக்கட்டும். பேரைக் கேட்டதும் ஒன் பாட்டி என்ன சொன்னா தெரியுமா? "காரலா? அது மீனுல்லா? முள்ளு ஜாஸ்தியா இருக்குமே!" தூத்துக்குடிக்காரி, அவளுக்குக் காரல்னா குழம்பு. ஊருல பாதிப் பேரு அப்படித்தான் கூப்பிடப் போறான், இப்பமே மனசைத் தேத்திக்கோ. மார்க்ஸையே காரல் மார்க்ஸ்னுதான் அச்சடிச்சோம். ஒம் பிள்ளைக்கு மட்டும் தனி மரியாதையா கிடைக்கப் போவுது?

மீனு கிடக்கட்டும். ராசா பேருன்னு சொன்னியே, அதுலதான் எனக்குச் சிரிப்பு. ஒன் தங்கச்சி காலேஜுல சரித்திரம் படிக்காள்லா, அவளைத் திண்ணையில உக்கார வச்சு, இந்தப் பேரோட பூர்வீகத்தை வாசிச்சுச் சொல்லுட்டின்னேன். கேக்கக் கேக்க வயிறு குலுங்குது. நீ தேடிப் பிடிச்ச பேருக்கு அர்த்தம் என்னன்னு நினைக்க? அடிமையும் இல்லாம, பண்ணையாரும் இல்லாம, சொந்த ஏரோட நடுவுல நிக்கான் பாரு, அந்த ஆளு. நம்ம பாஷையில குடியானவன். சுருக்கமாச் சொன்னா, நான்.

ஐஸ்லாந்துக்காரன் ஏட்டுல ரீக்ஸ்தூலான்னு ஒரு பழம்பாட்டு இருக்காம். ரீக்னு ஒரு சாமி மாறுவேஷம் போட்டு வீடு வீடாப் போயி தங்குது. முதல் வீட்டுல பொறந்தவன் திரேல். அடிமை. விறகு சுமக்கவும் கயிறு திரிக்கவும் அவன். கடைசி வீட்டுல பொறந்தவன் யார்ல். பிரபு. வில்லு, குதிரை, வேட்டைன்னு அவன் சோலி வேற. நடு வீட்டுக்காரி பேரு அம்மா. அந்தப் பாஷையில அம்மான்னா பாட்டியாம். ஒடனே நம்ம அம்மாவோட முடிச்சுப் போட்டு எவனாவது கட்டுரை எழுதிறாம இருக்கணும். அவ பெத்தவன்தான் கார்ல். சிவந்த மொகம், துறுதுறு கண்ணு. வளந்து என்ன செஞ்சான்? காளையைப் பழக்கினான், கலப்பை அடிச்சான், கொட்டாரம் கட்டினான், வண்டி செஞ்சான், உழுதான். அவனுக்கு வாக்கப்பட்டவ இடுப்புல சாவிக்கொத்து தொங்கத் தொங்க வந்தாளாம். ஒன் பாட்டி இடுப்பை ஒரு தடவை வீடியோ காலுல பாத்துக்கோ. ராசா பேருதான் வேணும்னா நீ ஒரு வீடு தள்ளிப் போயிருக்கணும்லே.

இங்கிலாந்துல இதே சொல்லுக்கு வந்த கதி இன்னும் மோசம். அங்க அதுக்குச் 'சேயோர்ல்'னு பேரு. வெஸ்ஸெக்ஸ் சட்டத்துல ஒரு ஆளைக் கொன்னுட்டா, அவன் சொந்தக்காரனுக்கு இவ்வளவு கட்டணும்னு விலைப்பட்டியலே உண்டு. சேயோர்லுக்கு 200 ஷில்லிங். பிரபுவுக்கு 1,200. ஆறு குடியானவன் சேந்தா ஒரு துரை. அந்த மட்டும் விலை போட்டானேன்னு சந்தோஷப்பட்டா, காலம் போகப் போக அந்தச் சொல்லையே வசவா ஆக்கிட்டான். இன்னைக்கு இங்கிலீஷ்ல 'சர்ல்'னா நாகரிகம் தெரியாத முரட்டுப் பய. நெல்லு விளைவிச்சவன் பேரைச் சோறு தின்னவன் வசவாக்கினான். ஜெர்மனியில கொஞ்சம் பரவாயில்லை, 'கேர்ல்'னா சும்மா 'ஆளு'ங்கற மாதிரி. ஐஸ்லாந்துல இன்னைக்கும் கார்ல்னா ஆம்பளை, கிழவன். தொட்டில்ல கிடக்குற பச்சை மண்ணைப் பாத்து அவன் "கிழவா"ன்னு நினைச்சுக்கிடுவான். எனக்குச் சம்மதம்.

சரி, அப்படியாப்பட்ட பேரு எப்படி அரண்மனைக்குள்ள நுழைஞ்சுது? பின்வாசல் வழியாத்தான். பிராங்க் நாட்டுல அப்பம் மெரோவிஞ்சியன் வம்சம். அவுக பேரெல்லாம் க்ளோட்விக், சில்டெரிக், தியூடெரிக்குன்னு புகழும் போரும் ஆட்சியுமா ரெண்டு ரெண்டு சொல்லை ஒட்டி வச்ச பேரு. வாய்க்குள்ள கூழாங்கல்லு உருளும். அவுக அரண்மனையில காரியஸ்தரா இருந்தவரு பிப்பின். அவருக்கு அல்பைடான்னு இன்னொரு சம்சாரம், அவ மகனுக்கு வெறுமன 'கார்ல்'. 714-ல பிப்பின் கண்ணை மூடினதும் மூத்தவ பிளெக்ட்ரூட் இவனைக் கொலோன்ல பிடிச்சு அடைச்சுட்டா. சொத்துத் தகராறு எந்த ஊருலதான் இல்ல? பய தப்பிச்சு வந்து, எல்லாத்தையும் மடக்கி, 732-ல புவாத்தியே பக்கம் அரபுப் படையையும் திருப்பி அனுப்பினான். ஊரு அவனுக்கு வச்ச பட்டம் மார்ட்டெல். சம்மட்டி.

ராசா எங்கேன்னு கேக்க? இருந்தாரு. நீள முடி, தாடியோட சிங்காசனத்துல உக்காந்திருந்தாரு. எங்கயாவது போகணும்னா மாட்டுவண்டி கட்டி, மாட்டுக்காரன் ஓட்ட, போயிட்டு வருவாருன்னு ஐன்ஹார்டுன்னு ஒருத்தன் எழுதி வச்சிருக்கான். ஜெயிச்சவன் சோத்தைத் தின்னவன் எழுதினது, பாதியைத் தள்ளியே படிக்கணும். ஆனா 737-ல அந்த ராசா செத்தப்போ நம்ம சம்மட்டி வேற ராசாவையே வைக்கலை. சாகுற வரைக்கும் ராசா இல்லாமலே நாட்டை நடத்தினான். குடியானவன் பேருக்காரனுக்குத் தோதா வந்த காரியம் அது. 751-ல அவன் மகன், இன்னொரு பிப்பின், கடைசி மெரோவிஞ்சியனுக்கு மொட்டை போட்டு மடத்துக்கு அனுப்பிட்டுத் தானே முடி சூட்டிக்கிட்டான். அவனுக்குப் பொறந்த பிள்ளைக்கு என்ன பேரு வச்சான்? கார்ல். தாத்தா பேரைப் பேரனுக்கு. நான் ஒண்ணும் சொல்லலை, நடந்ததைச் சொல்லுதேன்.

அந்தப் பேரன்தான் ஒங்க சார்லமேன். 800-ம் வருஷம் கிறிஸ்துமஸ் அன்னைக்கு ரோமாபுரியில போப்பு மூணாம் லியோ கையால பேரரசர் கிரீடம் வாங்கினவரு. ஆளு எப்படின்னா நல்ல உயரம், குட்டைக் கழுத்து, முன்தள்ளின தொந்தி, அந்த ஒடம்புக்குப் பொருந்தாத கீச்சுக் குரல். வெளிநாட்டுச் சட்டை அவருக்கு ஆகாது, ஊரு நார்த்துணிதான். வறுத்த கறியை விட்டுட்டு வேகவச்சதைத் தின்னுங்கன்னு சொன்ன வைத்தியனைக் கண்டா பிடிக்காது. போன மாசம் ஒன் அப்பன் எனக்கு அதையேதான் சொன்னான், நானும் அவனைப் பேரரசர் பாத்த பார்வைதான் பாத்தேன்.

நீ மெச்சுற படையெடுப்பெல்லாம் எனக்கு வேண்டாம். பண்ணைக்கு அவரு போட்ட உத்தரவு ஒண்ணு இருக்கு, அவரு பேராலே நிக்குற உத்தரவு. அதை வாசிச்சப்போதான் நான் நிமிந்து உக்காந்தேன். பெரிய பண்ணையில 100 கோழிக்கும் 30 வாத்துக்கும் குறையக்கூடாதாம். மிஞ்சின முட்டைக்குக் கணக்கு எழுதணும். திராட்சையை எவனும் காலால மிதிக்கக்கூடாது. தேனு, மெழுகு, கடுகு வரைக்கும் கேள்வி. பாதி ஐரோப்பாவைக் கட்டி ஆண்டவன் முட்டையை எண்ணியிருக்கான்! மாசங்களுக்கும் பேரை மாத்தினாரு: ஜூலை வைக்கோல் மாசம், ஆகஸ்ட் அறுப்பு மாசம், அக்டோபர் திராட்சை பறிக்குற மாசம். கிரீடத்தைக் கழட்டிப் பாத்தா உள்ள தலைப்பாகை இருந்திருக்கு.

கையெழுத்துச் சங்கதி அதைவிட ருசி. படிப்புன்னா அவருக்கு உசிரு, ஊரூரா அறிஞர்களைக் கூட்டியாந்து வச்சுக்கிட்டாரு. எழுத மட்டும் கை வளையலை. தலையணைக்கு அடியில எழுதுபலகை வச்சுக்கிட்டு, தூக்கம் வராத ராத்திரியில கிறுக்கிப் பாப்பாராம். காலங்கடந்து தொடங்கினதால வரலை. அப்பம் பட்டயத்துல எப்படிக் கையெழுத்து? சிலுவை மாதிரி ஒரு குறி. நாலு முனையிலயும் கரோலுஸ்ங்கற பேரோட மெய்யெழுத்து நாலு. நடுவுல சாய்ஞ்ச சதுரம், அதுக்குள்ள உயிரெழுத்தெல்லாம் ஒளிஞ்சு கிடக்கும். இது மொத்தத்தையும் கணக்கப்பிள்ளை வரைஞ்சு வைப்பான். ராசா அந்தச் சதுரத்துக்குள்ள ஒரு சின்னக் கோட்டை இழுப்பாரு. அவ்வளவுதான், சட்டம் ஆயிரும். பத்திர ஆபீசுல நான் பெருவிரலை உருட்டுறதைப் பாத்துத் தலையைக் குனிஞ்சு நின்னியே, ஞாபகம் இருக்கா? அவருக்கும் எனக்கும் ஒரு கோடுதான் வித்தியாசம்.

இந்த ஆளு பண்ணின ரகளையில கிழக்க இருந்த ஸ்லாவுச் சனங்களுக்கும் அவுக அக்கம்பக்கத்துக்கும் ராசான்னாலே இவரு பேருதான்னு ஆயிப்போச்சு. போலந்துல ராசாவுக்கு 'க்ருல்', செக் நாட்டுல 'க்ரால்', ரஷ்யாவுல 'கரோல்', ஹங்கேரியில 'கிராய்', லித்துவேனியாவுல 'கரால்யுஸ்'. மொழி படிச்சவுக பெரும்பாலும் இது அத்தனையும் கார்ல் பேருல இருந்து கிளம்பினதுன்னுதான் சொல்லுதாக. மேக்க குடியானவன்னு ஏசுறான், கிழக்க மகாராசான்னு கும்பிடுறான். பிரெஞ்சுச் சீட்டுக்கட்டுல ஆட்டீன் ராசா யாருன்னு நினைக்க? கார்ல்தான், சீட்டுலயே 'சார்ல்'னு பேரு அச்சடிச்சிருக்கும். அடுத்த லீவுல வரும்போது அந்தக் கட்டு ஒண்ணு வாங்கியா. டீக்கடைப் பயலுவளைக் கொஞ்சம் மிரட்டலாம்.

ஆனா ஒரு எச்சரிக்கை. இந்தப் பேரை வச்சா வாலு தன்னால முளைக்கும். சார்லமேன் வம்சத்துலயே பாரு: வழுக்கைக் கார்ல், தொந்திக் கார்ல், அப்பாவிக் கார்ல். நான் வச்ச பேரு இல்ல, சரித்திரமே அப்படித்தான் கூப்பிடுது. தொந்திக்காரரை 887-ல சொந்தக்காரனே இறக்கி விட்டான். பிற்பாடு பிரான்சுல ஆறாம் சார்ல்னு ஒருத்தர், தன் ஒடம்பு கண்ணாடி, தொட்டா ஒடைஞ்சிரும்னு நடுங்கிக்கிட்டே இருந்தாரு. இங்கிலாந்துல முதலாம் சார்லஸுக்கு 1649-ல தலையே போச்சு. இதையெல்லாம் ஒன் மாமியார்கிட்ட சொல்லாத.

சுவீடன் ராசாமாரு பண்ணினதைத்தான் என்னால மறக்க முடியலை. பழம்பெருமைக்கு ஆசைப்பட்டு ஒரு பாதிரியாரு கற்பனையில எழுதின வம்சாவளியை நம்பி, ஒருத்தர் தன்னை ஒன்பதாம் கார்ல்னு அறிவிச்சுக்கிட்டாரு. நிசத்துல எண்ணினா மூணாவது ஆளு. முன்னால ஆறு கார்ல் பொறக்கவே இல்ல! அந்த இலக்கத்தையே பிடிச்சுக்கிட்டு வந்து, இப்பம் இருக்குறவரு பதினாறாம் கார்ல் குஸ்தாவ். எண்ணிப் பாத்தா பத்துதான் தேறும். ரேசன் கார்டுல இல்லாத ஆளைச் சேத்ததுக்கு நம்மூருல தாசில்தாரு குதிச்ச குதி இருக்கே, அவரு ஸ்டாக்ஹோம் போயிருக்கணும்.

ராசாக்களை விடு. நீ குடியிருக்குற ஊரையே எடுத்துக்கோ. கார்ல் வில்ஹெல்ம்னு ஒரு பிரபு, வேட்டைக்குப் போன இடத்துல மரத்தடியில தூங்கி, கனாவுல பாத்த மாதிரியே 1715-ல அந்த ஊரைக் கட்டினான்னு கதை. அரண்மனையை நடுவுல வச்சு 32 பாதை கதிரு மாதிரி விரியுதாம்லா, தங்கச்சி படம் காட்டினா. ஆனா அந்த ஊருல எனக்குப் பிடிச்ச கார்ல் பிரபு இல்ல. கார்ல் டிரைஸ், 1785-ல அங்க பொறந்தவன். 1817-ல ரெண்டு சக்கரத்தை முன்னும் பின்னுமா கோத்து, மேல உக்காந்து, காலால தரையை உந்தி ஓட்டிக் காட்டினான். மிதிகட்டை கிடையாது. ஒன் அப்பன் காலேஜுக்கு மிதிச்சிட்டுப் போன சைக்கிளுக்குப் பாட்டன் அந்த வண்டி. பேரோட ஒட்டியிருந்த பிரபுப் பட்டம் ஒண்ணு அவனுக்கு உண்டு. 1849 புரட்சியில அதைக் கழட்டிப் போட்டுட்டு, நான் வெறும் குடிமகன் கார்ல் டிரைஸ்னு சொன்னான். புரட்சி தோத்துச்சு, இவனையும் விட்டு வைக்கலை; 1851-ல காசில்லாமச் செத்தான். அந்தப் பேரை அதோட அர்த்தம் தெரிஞ்சு சுமந்தவன்னு நான் இவனைத்தான் சொல்லுவேன். மாடில்லாத வண்டி செஞ்ச பென்ஸும் கார்ல்தான், பொறந்ததும் ஒங்க ஊரோட இப்பம் சேந்திருக்குற மூல்பர்க்கு. பழம்பாட்டுல வண்டி செஞ்சவன் பேரு இன்னும் வண்டியை விடலை பாத்தியா.

நம்ம பக்கமும் ஒரு கார்ல் வந்து போயிருக்கான். கார்ல் கிரவுல், லைப்சிக் மிஷன்காரன். 1849-ல இருந்து 1853 வரைக்கும் இந்தியாவுல இருந்து தமிழ் படிச்சு, திருக்குறளை ஜெர்மன்ல மொழிபெயர்த்து 1856-ல அச்சுப் போட்டவன், லத்தீன்லயும் பண்ணினான். உழவுக்குன்னு வள்ளுவரு ஒதுக்கின அதிகாரத்தை ஜெர்மனிக்குக் கொண்டு போகக் குடியானவன் பேருக்காரனே வந்திருக்கான்.

ஆகையினால வையி, தாராளமா வையி. ஜோசியர் சொன்ன 'கா'வும் ஆச்சு. காளிமுத்துங்கற என் பேரும் 'கா'வுலதான் தொடங்குதுங்கறதை நான் ஞாபகப்படுத்தலை. அது பட்டிக்காட்டுப் பேரு, பள்ளிக்கூடத்துல சிரிப்பாங்கன்னு நீயும் ஒன் பொண்டாட்டியும் குசுகுசுன்னு பேசினது எனக்குக் கேக்கவும் இல்ல, காது மந்தம். குடியானவன் பேரு வேண்டாம்னு கடல் தாண்டி ஓடி, கடைசியில அங்க இருந்தும் ஒரு குடியானவன் பேரைத்தானே தூக்கிட்டு வந்திருக்க. அடுத்தது பொம்பளப் பிள்ளையாப் பொறந்தா கரோலின், சார்லட், கார்லான்னு இப்பமே பட்டியல் போட்டு வச்சிருப்ப. தங்கச்சியை விசாரிக்கச் சொல்லிட்டேன்: அந்த மூணுக்கும் இதே கார்ல்தான் வேரு.