வாசல் எந்த நாட்டில் இருக்கிறது?

என் முன்னால் யாராவது ஒரு நாட்டின் பெயரைச் சொன்னால் போதும், என் வாய் தானாகத் திறந்துகொள்ளும். சொந்தக்காரர்களுக்கு இது தெரியும். துபாயில் இருக்கும் பிள்ளையைக்கூட என்னிடம் "வெளியூர்ல இருக்கான்" என்றுதான் சொல்வார்கள். என் மனைவி அவர்களைவிட முன்ஜாக்கிரதை. கல்யாணப் பந்தியில் காது மந்தமான பெரியவர் யாரென்று விசாரித்து, அவருக்குப் பக்கத்து இலையில் என்னை உட்கார வைத்துவிடுவாள்.

போன ஆவணியில் ஒரு முகூர்த்தத்தில் இந்த ஏற்பாடு பிசகிவிட்டது. பக்கத்து இலைக்காரர் மாப்பிள்ளையின் சித்தப்பா. காது கணீரென்று கேட்கிறவர். "பையன் நெதர்லாந்துல வேலையா இருக்கான் சார்" என்றார். சாம்பார் வாளி எங்கள் வரிசைக்கு வருவதற்குள் நான் பார்லே போய்ச் சேர்ந்துவிட்டேன்.

பார்லே, நெதர்லாந்தின் தெற்கே பெல்ஜிய எல்லையை ஒட்டிய சிற்றூர். ஊர் ஒன்று, நாடு இரண்டு: பார்லே-நாசாவ் நெதர்லாந்துக்கு, பார்லே-ஹெர்டாக் பெல்ஜியத்துக்கு. எல்லைக்கோடு நடுத்தெருவில் நேராகப் போயிருந்தால் நான் பேச ஒன்றுமிருக்காது. அங்கே நெதர்லாந்து மண்ணுக்குள் பெல்ஜியம் 22 துண்டுகளாகச் சிதறிக் கிடக்கிறது. அந்தத் துண்டுகளுக்குள்ளே 7 துண்டு நெதர்லாந்து. வம்பு தொடங்கியது 12ஆம் நூற்றாண்டின் கடைசியில். பிரபான்ட் கோமகன் பிரேடா பிரபுவுக்கு நிலம் கொடுத்தபோது, குடியிருப்பும் வரியும் உள்ள இடங்களைத் தனக்கென்று நிறுத்திக்கொண்டார் என்கிறார்கள். பெல்ஜியம் தனிநாடான பிறகு, 1843இல் எல்லை பிரிக்க வந்த அதிகாரிகளால் இந்த ஊரில் கோடு போடவே முடியவில்லை. ஐயாயிரத்துக்கும் அதிகமான மனைகளை ஒவ்வொன்றாக எடுத்து, இது உனக்கு, இது எனக்கு என்று பட்டியல் எழுதிவிட்டுக் கிளம்பினார்கள். பட்டியல் என்றால் எழுத்துப்பிழை இல்லாமலா? இரண்டு மனைகள் யாருக்கு என்ற வழக்கு ஹேக் நகரின் சர்வதேச நீதிமன்றம் வரை போனது. 1959இல் பெல்ஜியத்துக்குத் தீர்ப்பாயிற்று.

"வீட்டு நடுவுல கோடு போனா?" என்றார் சித்தப்பா. கேட்டிருக்கக் கூடாது.

வாசல் எந்த நாட்டில் இருக்கிறதோ, வீடு அந்த நாடு. வரியும் அங்கேதான். பக்கத்து நாட்டுச் சட்டம் சௌகரியமாக இருந்தால், வாசற்கதவைப் பெயர்த்துச் சில அடி தள்ளி வைத்துக்கொண்டவர்கள் உண்டு. படுக்கையறை, அடுப்படி எல்லாம் இருந்த இடத்திலேயே இருக்க, குடும்பம் மட்டும் வேறு நாட்டுக்குக் குடிபோய்விடும். இதைக் கேட்டதும் சித்தப்பா கையில் அப்பளத்தோடு நிமிர்ந்தார்.

"அங்கேயும் வாஸ்து பாக்கறாங்களா சார்?"

கோடு வாசலின் நட்டநடுவே போகும் வீடும் ஒன்று இருக்கிறது. அதற்கு நாட்டுக்கு ஒன்றாக இரண்டு கதவிலக்கம். 2020 கொரோனாவின்போது பெல்ஜியம் கடைகளை மூடச் சொன்னது, நெதர்லாந்து சொல்லவில்லை. எல்லை உள்ளே ஓடிய துணிக்கடை ஒன்றில் நாடா கட்டிப் பாதிக் கடையை மட்டும் அடைத்தார்கள். முதல் உலகப் போரில் நடந்தது இதைவிட அழகு. பெல்ஜியத்தைப் பிடித்த ஜெர்மன் படையால் பார்லே-ஹெர்டாக்குக்குள் மட்டும் நுழைய முடியவில்லை. நுழைய வேண்டுமானால் நடுநிலை வகித்த நெதர்லாந்தின் மண்ணை மிதிக்க வேண்டும். அந்தச் சில தெருக்கள் பிடிபடாமல் தப்பின. பெல்ஜியர்கள் அங்கே கம்பியில்லாத் தந்தி நிலையம் ஒன்றையும் வைத்துக்கொண்டார்கள்.

மோர் வந்தபோது பக்கத்து இலை மூடியிருந்தது.

இன்னும் ஐந்து நிமிடம் இருந்திருந்தால் பெல்ஜிய விவசாயியின் கதையும் அவருக்குக் கிடைத்திருக்கும். 2021இல் எர்கெலின் என்ற ஊர்க்காரர் ஒருவரின் டிராக்டருக்கு ஒரு கல் இடைஞ்சலாக இருந்தது. பிடுங்கி 2.29 மீட்டர் தள்ளி நட்டுவிட்டார். அது 1819இல் நட்ட பிரான்ஸ் எல்லைக்கல். நெப்போலியன் தோற்ற பிறகு பேரரசுகள் பேசிப் பேசி வரைந்த எல்லையை ஒருவர் காலைச் சாப்பாட்டுக்கு முன்னால் நகர்த்திவிட்டார் என்று நான் சொல்லிக்கொள்வதுண்டு. சாப்பாட்டு நேரம் மட்டும் என் சேர்க்கை. நல்லவேளையாக இருபக்கத்து மேயர்களும் சிரித்துவிட்டார்கள். கல்லைத் திருப்பி வைக்க அவர் மறுத்திருந்தால், 1930க்குப் பிறகு கூடாத எல்லை ஆணையத்தைத் தூசு தட்டிக் கூட்ட வேண்டியிருந்திருக்கும்.

சண்டை என்றால் கனடாவும் டென்மார்க்கும் போட்டதுபோல் போட வேண்டும். கிரீன்லாந்துக்கும் எல்ஸ்மியர் தீவுக்கும் நடுவே ஹான்ஸ் தீவு என்று 1.3 சதுர கிலோமீட்டர் மொட்டைப் பாறை. மரம் கிடையாது, மனிதன் கிடையாது. 1973இல் கடல் எல்லையை வரைந்தவர்கள் பாறையின் ஒரு கரையில் கோட்டை நிறுத்தி, மறுகரையில் மறுபடி தொடங்கினார்கள். நடுவில் என்ன என்று இருவருமே கேட்கவில்லை. 1984இல் கனடாக்காரர்கள் போய்க் கொடி நட்டு ஒரு விஸ்கிப் புட்டியை வைத்துவிட்டு வந்தார்கள். டென்மார்க்கின் அமைச்சர் ஹெலிகாப்டரில் போய்த் தன் கொடியை நட்டு, தங்கள் ஊர்ச் சரக்கை வைத்துவிட்டு வந்தார். அதன்பின் பல வருஷம் இதே போர்முறைதான். அவ்வளவு குளிரில் அந்தப் புட்டிகளின் கதி என்ன என்று எந்தக் கட்சியும் விளக்கமளித்ததாக நான் படித்ததில்லை. 2022இல் பாறையை ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். டென்மார்க்குக்கு நில எல்லை உள்ள ஒரே நாடு ஜெர்மனி, கனடாவுக்கு அமெரிக்கா என்று மனப்பாடம் செய்துவைத்திருந்த போட்டித் தேர்வுக்காரர்களுக்கு அன்றோடு ஒரு மதிப்பெண் போயிற்று.

எல்லாத் துண்டு நிலமும் இப்படிச் சிரித்துத் தீரவில்லை. கூச் பிகாரில் இந்தியாவுக்குச் சொந்தமான 111 திட்டுகள் பங்களாதேஷுக்குள்ளும், அவர்களுடைய 51 இந்தியாவுக்குள்ளும் கிடந்தன. அவற்றில் தஹாலா கக்ராபாரி என்பது சணல் விளைந்த ஒரு வயல். இந்தியா, அதைச் சுற்றி பங்களாதேஷ், அதைச் சுற்றி இந்தியா, அதையும் சுற்றி பங்களாதேஷ். கூச் பிகார் ராஜாவும் ரங்பூர் அதிகாரியும் ஊர்களைப் பணயம் வைத்துச் சதுரங்கம் ஆடியதன் மிச்சம் இது என்று ஒரு கதை உண்டு. உண்மையில் 18ஆம் நூற்றாண்டில் மொகலாயரோடு கூச் பிகார் செய்த சமாதானத்தின் மிச்சம். எனக்குச் சதுரங்கக் கதைதான் பிடிக்கும், ஆனால் அதை அந்தத் திட்டுகளில் பிறந்தவர்களிடம் சொல்லும் தைரியம் இல்லை. மின்சாரம் வராது, போலீஸ் வராது. பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கப் பொய் முகவரி தேட வேண்டும். 1974இல் இந்திராவும் முஜிபும் கையெழுத்திட்ட ஒப்பந்தம் நிறைவேறியது 2015 ஜூலை 31 நள்ளிரவில். ஐம்பதாயிரம் பேர் நாற்பத்தொரு வருஷம் காத்திருந்தார்கள். நம் ஆட்களுக்கு ஒரு விஸ்கிப் புட்டி போதவில்லை.

பிரான்சுக்கும் ஸ்பெயினுக்கும் நடுவே பிதாசோவா ஆற்றில் ஃபெசன்ட் தீவு இருக்கிறது. பிப்ரவரி முதல் ஜூலை வரை அது ஸ்பெயின், ஆகஸ்ட் முதல் ஜனவரி வரை பிரான்ஸ். பெரியவன் வீட்டில் ஆறு மாசம், சின்னவன் வீட்டில் ஆறு மாசம் என்று இருக்கும் அம்மாவைப்போல. அதிலும் அங்கே ஆள் நடமாட்டமே கிடையாது என்பதால் மருமகள் பிரச்சினை இல்லை.

இத்தனையும் பொறுமையாகக் கேட்ட ஒரே ஆள் என் மைத்துனன். நிலம் வாங்கி விற்கும் தொழில். அதிலும் அவன் பேனாவை எடுத்தது பிர் தவில் வந்தபோதுதான். எகிப்துக்கும் சூடானுக்கும் நடுவே 2,060 சதுர கிலோமீட்டர் பாலைவனம். பிரிட்டிஷார் 1899இல் ஒரு கோடு போட்டார்கள், 1902இல் வேறொரு கோடு போட்டார்கள். முதல் கோட்டைப் பிடித்துக்கொண்டால் கடலோர ஹலாயிப் எகிப்துக்கு, இரண்டாவதைப் பிடித்தால் சூடானுக்கு. ஹலாயிப் யாருக்குக் கிடைக்கிறதோ, அவர்கள் பிர் தவிலை மற்றவருக்கு விட்டுவிட வேண்டும். அதனால் எகிப்து முதல் கோடு என்கிறது, சூடான் இரண்டாவது என்கிறது, பிர் தவில் எனதென்று இரண்டு பேருமே சொல்வதில்லை. 2014இல் அமெரிக்கர் ஒருவர், மகளை இளவரசியாக்கிக் காட்டுகிறேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டு, அங்கே போய்க் கொடி நட்டு வந்தார். எந்த நாடும் அங்கீகரிக்கவில்லை.

"பட்டா யார் பேர்ல இருக்கு மாமா?"

"யார் பேர்லயும் இல்லப்பா."

"வில்லங்கம்?"

"ரெண்டு நாட்டு வில்லங்கம்."

குறித்துக்கொண்டான். பிறகு கொஞ்சம் யோசித்து, பஸ் ஸ்டாண்டிலிருந்து எத்தனை நிமிஷம் என்றான்.