முனகாமச் செத்திருக்கலாம்

ஏலே பேராண்டி, 'ரெனீராவோட கறுப்புக் கட்சியா, அலிசெண்டோட பச்சைக் கட்சியா தாத்தா'ன்னு கேக்குத. நான் டிராகன் கட்சிலே. அந்த அரமனையில தின்ன தீனிக்கு வேலை பாக்குதது அது ஒண்ணுதான்.

'ஹவுஸ் ஆஃப் தி டிராகன்' மொத சீசன் பத்து எபிசோடும் நீ அர்த்தஞ் சொல்லச் சொல்லப் பாத்தாச்சு. நீங்கள்லாம் அந்த ஒத்தைக்கண்ணன் ஏமண்டைத் திட்டுதிய. எனக்கு ஆத்திரம் பூராவும் விசேரிஸ் ராசா மேலதான். நல்ல மனுசன்லே. அதான் வெனை. யாரு வந்து கேட்டாலும் 'ஆகட்டும்'னு தலையாட்டுத நல்ல மனுசன்.

ஆம்பளைப் புள்ளைக்கு ஆசைப்பட்டுப் பொஞ்சாதி வயித்தைக் கிழிக்கச் சம்மதிச்சாரு. அவளும் போனா, புள்ளையும் தங்கலை. சரி, மவ ரெனீராதான் வாரிசுன்னு ஊருப்பட்ட பிரபுக்களை மண்டி போடவச்சுச் சத்தியம் வாங்குனாரு. அதோட கெடக்க வேண்டியதுதான? மவளோட சேக்காளி அலிசெண்டையே ரெண்டாந்தாரமாக் கட்டுனாரு. அவ அப்பன் ஓட்டோ, ராசாவுக்கு மந்திரி, 'உங்கம்மா உடுப்புல ஒண்ணைப் போட்டுக்கிட்டுப் போய் ராசாவுக்கு ஆறுதல் சொல்லு'ன்னு மவளை அனுப்புதான். துக்கம் விசாரிக்க இப்பிடி ஒரு வழி இருக்குன்னு எனக்கு இந்த வயசுலதாம்லே தெரியுது.

அவளுக்குப் பையன் பொறந்த அன்னைக்கே தொட்டிலைப் பாத்துச் சொல்லியிருக்கணும்: 'ஏ அய்யா, கிரீடம் உங்க அக்காளுக்கு. உனக்கு ஒரு டிராகன் தாரேன், ஏறிக்கிட்டு எங்கயாவது போ.' இவரு வலீரியா பட்டணத்தைக் கல்லுல சின்னதாச் செஞ்சுவச்சு அழகு பாத்துக்கிட்டிருந்தாரு. சாவு வீட்டுக்குப் போன எடத்துல மவன் ஏமண்டு கண்ணைப் பேரன் லூசெரிஸ் கத்தியால கீறிட்டான். பெரியவரு தீர்ப்பு என்ன? ஒருத்தருக்கொருத்தர் மன்னிப்புக் கேட்டுக்கிடுங்க! அந்தப் பய பரவால்ல, 'கண்ணு போனாலும் டிராகன் கெடச்சுதே'ங்கான். அங்க வரவு செலவு தெரிஞ்ச ஒரே ஆளு அவன்தான்.

இதையெல்லாங்கூடப் பொறுத்துக்கிடலாம். சாகுற நேரத்துல முனகுனாரு பாத்தியா? பக்கத்துல இருக்கது மவ ரெனீரான்னு நெனச்சு, முப்பாட்டன் ஏகான் கண்ட கனவைப் பத்திச் சொல்லுதாரு. இருந்தது அலிசெண்டு. அவ தன் மவன் ஏகானுக்குத்தான் பட்டங் கட்டச் சொல்லுதாருன்னு எடுத்துக்கிட்டா. இதுல ரெனீராவும் தன் புள்ளைக்கு ஏகான்னே பேரு வச்சிருக்கா! பெரிய ஏகான், சின்ன ஏகான், குட்டி ஏகான்னு கூப்பிட்டுப் பழகியிருந்தா எத்தனை தலை தப்பியிருக்கும்.

நீ இதைக் கட்டுக்கதைன்னு சொல்லுத. இங்கிலாந்துல மொதலாம் ஹென்றி ராசா மவன் 1120-ல கப்பலோட முங்கிப்போனான். மவ மட்டில்டாவுக்குன்னு பிரபுக்கள்ட்ட சத்தியம் வாங்குனாரு. சத்தியம் பண்ணுனவன்ல ஒருத்தன் அக்கா மவன் ஸ்டீபன். 1135-ல மாமன் கண்ணை மூடுன மாசமே கிரீடத்தைத் தூக்கித் தலையில வச்சுக்கிட்டான். வருசக்கணக்கா அடிதடி. இதை வச்சுத்தான் மூலக்கதை எழுதுன மார்ட்டின் கதை கட்டுனாரு. டிராகன் மட்டுந்தான் அவரு சொந்தச் சரக்கு.

என்னலே, திடீர்னு காலை அமுக்குத? கெணத்தடிக் காடு யாருக்கா? சித்தப்பன் காதுல விழாம மெதுவாச் சொல்லவா... மொதல்ல நீ ரெண்டாஞ் சீசனைப் போடுலே. அதைப் பொறவு பேசுவோம்.