கத்தரிக்கோல் பஞ்சாபி

மேல்விஷாரத்து டேனரி பாய்மார்களே, தமிழ் சினிமாவில் உங்கள் சரக்குக்கும் பங்கு உண்டு. சிரிக்காதீர்கள்! பிலிம் மேல் பூசியிருப்பது ஜெலட்டின்; அதைக் காய்ச்சி எடுப்பது மாட்டின் தோலிலும் எலும்பிலும் இருந்துதான். சிவாஜியின் கண்ணீர் ஐம்பது வருஷம் ஒட்டிக்கொண்டு நின்றதே, அந்தப் பசையில்தான்.

தோலின் ஓரம் பார்த்து ட்ரிம் பண்ணுகிறவர் பெயர் எந்த ஷூவிலும் வராது. படத்தின் ஓரம் பார்த்து வெட்டுகிற எடிட்டருக்கும் அதே தலையெழுத்து. ஒரு வித்தியாசம், ஒருவர் கிடைத்த பெயரையும் மாற்றிக்கொண்டார்.

‘பராசக்தி’யைப் பற்றி யாரிடமாவது கேளுங்கள். 1952 தீபாவளி, கலைஞர் வசனம், சிவாஜி அறிமுகம், கோர்ட் சீன் என்று மூச்சு விடாமல் ஒப்பிப்பார்கள். எடிட்டர் யார்? கொட்டாவி விடுவார்கள். டைட்டிலைப் பார்த்தால் ‘பஞ்சாபி’ என்று இருக்கும். அட, லூதியானாவிலிருந்து வந்த சிங்கா?

இல்லை சாமி. கும்பகோணம் பக்கம் உமையாள்புரத்து மனிதர். இயக்குநர்கள் கிருஷ்ணன்-பஞ்சுவில் இருக்கும் அதே பஞ்சுதான்! இன்றைக்கு ஒரு படம் எடுத்தால் எழுத்து, இயக்கம், தயாரிப்பு, பாடல், பின்னணிக் குரல் என்று ஒரே பெயர் ஆறு முறை ஓடுகிறது. இவரோ இரண்டாவது முறை வருவதற்கே கூச்சப்பட்டவர் மாதிரி மாறுவேஷம் போட்டுவிட்டார்.

கேமரா முன்னால் சிவாஜி பேசிய முதல் சொல் ‘சக்சஸ்’. ஏவி.எம். செட்டியார் அதை நம்பவில்லை! பையன் தேறமாட்டான், கே.ஆர். ராமசாமியைப் போடலாம் என்றார். நடிகர் திலகத்தின் சரித்திரம் அன்றைக்கே ‘வணக்கம்’ போட்டிருக்கும். நம் வேலூர்க்காரர், தயாரிப்பாளர் பி.ஏ. பெருமாள் முதலியார், “கணேசன்தான்” என்று அழுத்தமாக நின்றார். ஊர் வெயில் அப்படி, பிடித்தால் விடாது.

படம் வளர வளர செட்டியார் மனசும் மாறியது. பிடிக்காமல் போன ஆரம்பக் காட்சிகளைத் திரும்ப எடுத்தார்கள். பழையதற்குக் கத்தரி. ஜனங்கள் பார்த்தது ஒரு பிறவி மேதையை. எடிட்டிங் ரூமுக்கு மட்டும்தான் தெரியும், பிறவி மேதைக்கும் ரீடேக் உண்டு என்று.

சிவாஜி நன்றி மறக்கவில்லை. பொங்கல் தவறாமல் வேலூருக்கு வந்து முதலியாருக்குப் புதுத்துணி வைத்து வணங்கினார். பஞ்சாபி வீட்டைத் தேடி யார் போவது? லூதியானாவுக்கா?

லண்டனிலும் ஒருவர் இருந்தார், டேவிட் லீன். நியூஸ்ரீல் வெட்டி வெட்டித் தொழில் படித்தவர். இயக்குநராகி இரண்டு ஆஸ்கர் வாங்கினார். 1962-ல் ‘லாரன்ஸ் ஆஃப் அரேபியா’ எடுத்தார், மூன்றரை மணி நேரத்துக்கு மேல்! ஊரான் படம் என்றால் சரக் சரக். தன் படம் என்றதும் கத்தரி மொட்டை. அப்புறம் நம் ஹைவேயின் அந்தக் கோடியில் பெங்களூரில் ‘எ பாஸேஜ் டு இந்தியா’ எடுத்தார். 1984-ல் வந்த அந்தப் படத்துக்கு இயக்கமும் எடிட்டிங்கும் தானே என்று டைட்டிலில் பளிச்சென்று போட்டுக்கொண்டார். வெள்ளைக்காரர் மாறுவேஷம் போடவில்லை.

பஞ்சுவின் எடிட்டிங் மேஜையில் உதவியாளராக உட்கார்ந்தவர் பீம்சிங். தொழிலைக் கற்றார், கையோடு கிருஷ்ணனின் தங்கையையும் மணந்தார். டபுள் பிரமோஷன்! 1961-ல் ‘பாசமலர்’ எடுத்துத் தமிழ்நாட்டின் கர்ச்சீப் எல்லாவற்றையும் நனைத்தார். எந்த ஷாட்டில் வெட்டினால் எந்தக் கண் கலங்கும் என்று கணக்குத் தெரிந்தவர்.

அவர் மகன் பி. லெனினும் எடிட்டர். ‘காதலன்’ படத்துக்கு வி.டி. விஜயனோடு தேசிய விருது வாங்கினார். மற்ற வீடுகளில் நிலம், நகை. இந்த வீட்டில் பரம்பரைச் சொத்து கத்தரிக்கோல்.

அடுத்த முறை டிவியில் ‘பராசக்தி’ போட்டால் டைட்டில் ஓடும்போது டீ போட எழுந்து போகாதீர்கள். ‘பஞ்சாபி’ வரும்போது ஒரு கைதட்டு தட்டுங்கள். அவர் நம்மூர் ஆள்.